தற்காலிகவாசிகள் எழுதிய நகரம்

எட்டு வருடங்களுக்கு முன்பு வேலை நிமித்தமாக மூன்று மாதங்கள் ஜோஹன்னஸ்பர்க்கில் இருந்தேன். ஒரு நிறுவனத்தின் வாடிக்கையாளர் விவரங்களைப் பழைய மென்பொருளிலிருந்து புதியதற்கு மாற்றும் வேலை. அதில் எனக்கு வந்து சேர்ந்தது முகவரிகள். கேட்பதற்கு எளிதாகத் தெரியும். ஆனால் எங்கள் தொழிலில் முகவரியைப் போல உயிரை வாங்கும் சமாச்சாரம் குறைவு. ஒரே தெருவை நாலு பேர் நாலு விதமாக எழுதியிருப்பார்கள். எது சரி என்று தீர்மானித்து மற்ற மூன்றையும் அதோடு சேர்க்க வேண்டும்.

அப்படிச் சேர்த்துக்கொண்டிருந்தபோது ஒரு விசித்திரம் கண்ணில் பட்டது. டோபி தெரு, கெர்ட்டி தெரு, எடித் தெரு என்று ஒரே தெருப்பெயர்கள் இரண்டு வேறு குடியிருப்புகளின்கீழ் திரும்பத் திரும்ப வந்தன. ஒன்று ட்ரியோம்ஃப். இன்னொன்று சோஃபியாடவுன். பக்கத்து இருக்கையில் இருந்த உள்ளூர்க்காரரிடம் கேட்டேன். "ரெண்டும் ஒரே இடம்தான். ட்ரியோம்ஃப்பை எடுத்துட்டு சோஃபியாடவுன்னு போட்டுடு" என்றார். பிறகு திரையைப் பார்த்தபடியே, "எங்க பாட்டி வீடு அங்கேதான் இருந்தது" என்று சேர்த்துக்கொண்டார்.

ட்ரியோம்ஃப் என்றால் ஆஃப்ரிக்கான்ஸ் மொழியில் வெற்றி. யார் யாரை வென்றார்கள் என்று அன்றிரவு தேட ஆரம்பித்தேன். அந்தத் தேடல்தான் ஆப்பிரிக்க இலக்கியத்தைப் பற்றி அதுவரை எனக்கிருந்த பிம்பத்தைக் கலைத்தது.

அந்த பிம்பம் என்னவென்று சொல்லிவிடுகிறேன். கல்லூரிக் காலத்தில் அச்செபேயின் முதல் நாவலை என்.கே. மகாலிங்கத்தின் தமிழில் 'சிதைவுகள்' என்ற பெயரில் வாசித்தேன். பிறகு கூகி வா தியாங்கோ. கிராமம், மூதாதையர், பழமொழிகள், வெள்ளைக்காரன் வந்து சேரும் நாள், அதன் பின்னான உடைவு. ஆப்பிரிக்கா என்றால் இதுதான் என்று மனதில் பதிந்துவிட்டது. அச்செபேயின் இரண்டாவது நாவல் லாகோஸ் நகரத்தில் நடக்கிறது, அவருக்கு முன்பே 1954இல் சிப்ரியன் எக்வென்சி 'நகரத்து மனிதர்கள்' என்றே பொருள்படும் பெயரில் ஒரு நாவல் எழுதிவிட்டார் என்பதெல்லாம் எனக்குத் தெரியாது. தெரிந்திருந்தாலும் அவற்றை 'நிஜ' ஆப்பிரிக்காவாக எடுத்துக்கொண்டிருப்பேனா என்பது சந்தேகம். வேர் கிராமத்தில்தான் இருக்கும் என்ற நினைப்பு நமக்கு அவ்வளவு இயல்பானது.

தென்னாப்பிரிக்காவில் அதே நினைப்பை ஓர் அரசாங்கம் சட்டமாகவே எழுதி வைத்திருந்தது என்பதை நான் அறிந்தது சோஃபியாடவுனின் கதை வழியாகத்தான்.

*

மேற்கு ஆப்பிரிக்காவில் இபாதான் போன்ற ஊர்கள் ஐரோப்பியர் ஆள வருவதற்கு முன்பே நகரங்கள். ஜோஹன்னஸ்பர்க் அப்படியல்ல. 1886இல் அங்கே தங்கம் கண்டுபிடிக்கப்பட்டது, அதே வருடம் நகரமும் பிறந்தது. பூமிக்கடியில் வெகு ஆழத்தில் கிடந்த தங்கத்தை எடுக்க லட்சக்கணக்கான கைகள் தேவைப்பட்டன. கைகள் வேண்டும், மனிதர்கள் வேண்டாம். அந்த நகரத்தின் அடிப்படைச் சிக்கலை இப்படிச் சொல்லலாம். சுரங்கத் தொழிலாளி ஒப்பந்தத்தில் வருவான், வேலியடைத்த கொட்டடியில் தங்குவான், ஒப்பந்தம் முடிந்ததும் கிராமத்துக்குத் திரும்புவான். அவன் மனைவிக்கும் பிள்ளைகளுக்கும் நகரத்தில் இடமில்லை.

1913இன் நிலச் சட்டம் நாட்டின் பெரும்பகுதியில் கறுப்பினத்தவர் நிலம் வாங்குவதைத் தடுத்தது. 1922இல் ஸ்டாலர்ட் என்பவர் தலைமையிலான குழு ஒரு கொள்கையைத் தெளிவாகவே எழுதியது: வெள்ளையருக்கு ஊழியம் செய்யும்வரை மட்டுமே ஆப்பிரிக்கருக்கு நகரத்தில் இடம், அது முடிந்தால் அவர் வெளியேற வேண்டும். அடுத்த வருடம் அது நகர்ப்புறச் சட்டமாக ஆனது. 1952இல் அந்தச் சட்டத்தின் பத்தாவது பிரிவு திருத்தப்பட்டது. கறுப்பினத்தவர் ஒருவர் அனுமதியின்றி 72 மணி நேரத்துக்கு மேல் நகரத்தில் இருக்கக்கூடாது. அங்கேயே பிறந்து தொடர்ந்து வசித்தவர் என்றால் இருக்கலாம். ஒரே முதலாளியிடம் 10 வருடம் வேலை பார்த்திருந்தால் இருக்கலாம். சட்டப்படி 15 வருடம் வசித்திருந்தால் இருக்கலாம். நிரல் எழுதுபவன் என்பதால் எனக்கு அது ஒரு நிரல் துண்டாகவே தெரிந்தது. நிபந்தனை சரியென்றால் இரு, இல்லையென்றால் போ. அந்த நிரலை ஓட்டியவர்கள் தெருமுனையில் நின்று "பாஸை எடு" என்று கேட்ட போலீஸ்காரர்கள். அதே 1952இல் பாஸ்களை ஒழிக்கும் சட்டம் என்று பெயரிட்டு ஒரு சட்டம் வந்தது. பல பாஸ்களுக்குப் பதில் எல்லாரும் ஒரே புத்தகத்தை எந்நேரமும் வைத்திருக்க வேண்டும் என்பதுதான் அந்த ஒழிப்பின் அர்த்தம்.

சோஃபியாடவுன் இந்தச் சட்டங்களின் ஓட்டை வழியாக முளைத்த ஊர். 1890களின் இறுதியில் டோபியான்ஸ்கி என்ற வணிகர் நகரத்துக்கு மேற்கே நிலம் வாங்கி மனைகளாகப் பிரித்தார். ஊருக்கு மனைவி சோஃபியாவின் பெயர், தெருக்களுக்குப் பிள்ளைகளின் பெயர். வெள்ளையர் வாங்குவார்கள் என்பது அவர் கணக்கு. ஆனால் நகரத்தின் கழிவைக் கொட்டும் இடம் பக்கத்திலேயே வந்ததும் அவர்கள் வரவில்லை. அதனால் யார் வாங்க வந்தாரோ அவருக்கு விற்றார். கறுப்பினத்தவர் சொந்தப் பட்டாவில் வீடு வைத்திருக்க முடிந்த மிகச் சில நகர்ப்பகுதிகளில் ஒன்றாக அது ஆனது இப்படித்தான். கொசாக்கள், ஜூலுக்கள், சோத்தோக்கள் என எல்லாரும் வந்தார்கள். சீனர்களும் இந்தியர்களும் கடை வைத்தார்கள். வீட்டுக்காரர்கள் கடனை அடைக்கக் கொல்லையில் தகரக் கொட்டகைகள் போட்டு வாடகைக்கு விட்டார்கள். ஒரு குழாயடியில் பத்துக் குடும்பம். கறுப்பினத்தவருக்கு மது விற்பது சட்டவிரோதம் என்பதால், பெண்கள் தங்கள் வீடுகளில் ரகசியமாக நடத்திய ஷெபீன் என்னும் மதுக்கடைகள். இரண்டு சினிமாக் கொட்டகைகள். 'அமெரிக்கர்கள்', 'பெர்லினர்கள்', 'கழுகுகள்' என்று பெயர் வைத்துக்கொண்ட ரவுடிக் கும்பல்கள். கழுகுகளின் தலைவனாக இருந்த டான் மத்தேரா பின்னாளில் கவிஞரானார். அந்த ஊரின் தன்மையைப் புரிந்துகொள்ள இந்த ஒரு தகவலே போதும்.

*

இலக்கியம் இந்த நகரத்தை எப்படிப் பார்த்தது? கிராமத்து இளைஞன் ஜோஹன்னஸ்பர்க் வருகிறான், கெடுகிறான், அழிகிறான் அல்லது மனம் திருந்தி ஊர் திரும்புகிறான். 1928இல் வந்த ஆர்.ஆர்.ஆர். த்லோமோவின் சிறுநாவல் தொடங்கி இந்த அச்சு பலர் கையில் உருண்டது. 1948இல் ஆலன் பேட்டனின் 'அழு, என் அன்புக்குரிய நாடே' என்ற நாவல் உலகப் புகழ் பெற்றது. கிராமத்துப் பாதிரியார் ஒருவர் தங்கையையும் மகனையும் தேடி நகரம் வருகிறார். தங்கை சாராயம் விற்பவளாகவும் மகன் கொலைகாரனாகவும் அவருக்குக் கிடைக்கிறார்கள். பேட்டன் நல்ல மனிதர், இனவெறியை எதிர்த்தவர். அதில் ஐயமில்லை. ஆனால் நகரம் ஆப்பிரிக்கனைக் கெடுக்கும், அவன் ஆன்மா இருப்பது மலையடிவார கிராமத்தில் என்பது நாவலின் சாரமாக மிஞ்சும்போது ஓர் இடறல் வருகிறது. ஸ்டாலர்ட் குழுவும் கிட்டத்தட்ட இதைத்தானே சொன்னது? ஒருவர் கண்ணீரோடு சொன்னார், மற்றவர் லத்தியோடு சொன்னார்.

1951இல் 'ஆப்பிரிக்கன் டிரம்' என்ற பத்திரிகை கறுப்பின வாசகர்களுக்காகத் தொடங்கப்பட்டது. நடத்தியவர்கள் வெள்ளையர்கள். முதல் இதழ்களில் பழங்குடி வரலாறு, பழங்குடி இசை, தலைவர்களைப் பற்றிய கட்டுரைகள். பேட்டனின் நாவல் தொடராகவும் வந்தது. பத்திரிகை போணியாகவில்லை. முதலாளி ஜிம் பெய்லி, ஆக்ஸ்ஃபோர்டு நண்பர் ஆந்தனி சாம்ப்சனை இங்கிலாந்திலிருந்து வரவழைத்தார். சாம்ப்சன் போய் வாசகர்களிடமே கேட்டார். அவர்கள் முகத்துக்கு நேராகச் சொன்னார்கள்: தலைவர்கள் கதையும் பழங்குடிப் பாட்டும் எங்களுக்கு எதற்கு, ஜாஸ் போடு, சினிமா நட்சத்திரங்களைப் போடு.

அன்றிரவு இதைப் படித்தபோது முதலில் எனக்கு ஏமாற்றமாக இருந்தது. அட, இவ்வளவுதானா! வேர்களைக் கொடுத்தால் வேண்டாம் என்று ஹாலிவுட்டைக் கேட்கிறார்களே என்று. அந்த ஏமாற்றத்தில் என்ன தப்பு என்று புரியக் கொஞ்ச நாள் பிடித்தது. பழங்குடி அடையாளத்தை அவர்களுக்கு ஊட்ட விரும்பியது அரசாங்கம். நீ ஜூலு, உன் இடம் அங்கே. நீ ட்ஸ்வானா, உன் இடம் அங்கே. அந்த நிலையில் ஜாஸைக் கேட்பது, நான் இந்த நகரத்துக்காரன் என்று சொல்வது. பாஸ் புத்தகத்தில் இல்லாத ஒரு வரியை அவர்கள் கேட்டார்கள்.

பத்திரிகை மாறியது. பெயரும் சுருங்கி 'டிரம்' ஆனது. அட்டையில் அழகிகள், உள்ளே குத்துச்சண்டை, கொலைச் செய்திகள், காதல் ஆலோசனை, துப்பறியும் தொடர். கூடவே ஹென்றி நுமாலோவின் புலனாய்வு. 1952இல் அவர் தானே கூலியாகச் சேர்ந்து, பெதால் என்ற ஊரின் பண்ணைகளில் கூலிகள் கிட்டத்தட்ட அடிமைகளாக நடத்தப்படுவதை எழுதினார். 1954இல் வேண்டுமென்றே பாஸ் குற்றத்தில் கைதாகி ஜோஹன்னஸ்பர்க் சிறைக்குள் போய்விட்டு வந்து எழுதினார். கைதிகளை நிர்வாணமாக்கிக் குதிக்கவைத்துச் சோதனை போடும் காட்சியைப் பாப் கொசானி பக்கத்துக் கட்டடத்தின் உச்சியிலிருந்து படமெடுத்தார். சோப்பு விளம்பரத்துக்கும் அழகிப்போட்டிக்கும் நடுவே இவை அச்சாயின. 1956 முடியும் தறுவாயில், சட்டவிரோதக் கருக்கலைப்பு ஒன்றைத் துப்புத் துலக்கிக்கொண்டிருந்த நுமாலோ கொலையுண்டார். கொன்றவர் யாரென்று கடைசிவரை நிரூபணமாகவில்லை.

டிரம் நடத்திய சிறுகதைப் போட்டியில் 1953இல் பரிசு பெற்றவர் கேன் தெம்பா. ஃபோர்ட் ஹேர் கல்லூரியில் ஆங்கிலம் படித்த பள்ளி ஆசிரியர். பரிசோடு வேலையும் கிடைத்தது. சோஃபியாடவுனில் அவர் தங்கியிருந்த அறைக்கு 'உண்மையின் இல்லம்' என்று பெயர். குடி, விவாதம், மறுபடி குடி. ப்ளோக் மொடிசானே, லூயிஸ் நகோசி, டாட் மாட்ஷிகிஸா, நாட் நகாசா, எஸ்கியா எம்பாலேலே என்று ஒரு தலைமுறையே டிரம் அலுவலகத்தின் வழியாக வந்தது. பெரும்பாலோர் மிஷன் பள்ளிகளில் படித்தவர்கள். ஷேக்ஸ்பியரும் தெரியும், தெருமுனை ட்சோட்சிகளின் கலப்புமொழியும் தெரியும். இரண்டையும் ஒரே வாக்கியத்தில் போட்டார்கள். மாட்ஷிகிஸா தட்டச்சு இயந்திரத்தைப் பியானோ மாதிரி வாசித்தார் என்பார்கள். அவர் இசையமைத்த 'கிங் காங்' என்ற இசைநாடகம் 1959இல் மேடையேறியது.

இவர்களுக்கு நகரம் பாவமும் அல்ல, சொர்க்கமும் அல்ல. அது இருக்கிற இடம். தெம்பாவின் மிகப் புகழ்பெற்ற கதை 'சூட்'. ஃபிலமன் என்ற குமாஸ்தா காலையில் பஸ்ஸில் போகும்போது, மனைவியைப் பார்க்க ஒருவன் தினமும் வருவதாக நண்பன் சொல்கிறான். திரும்பி வீட்டுக்கு வருகிறான். அந்த ஆள் ஜன்னல் வழியாக ஓடிவிடுகிறான், கோட்டும் கால்சட்டையும் நாற்காலியில் கிடக்கின்றன. ஃபிலமன் அடிக்கவில்லை. அந்த சூட்டை வீட்டு விருந்தாளியாக நடத்தும்படி, அதற்குச் சாப்பாடு பரிமாறும்படி மனைவிக்குக் கட்டளையிடுகிறான். அவள் அந்த அவமானத்தில் மெல்ல மெல்லச் சாகிறாள். கதையில் கிராமம் இல்லை. திரும்பிப் போக ஓர் ஊர் இல்லை. கொட்டகை வீடு, நெரிசல் பஸ், அக்கம்பக்கத்துப் பேச்சு, ஒரு மனிதனின் குரூரம். மகாபாரதத்தை மேடையேற்றிய பீட்டர் புரூக் பின்னாளில் இந்தக் கதையையும் நாடகமாக்கினார். பாரிஸில் உட்கார்ந்து பார்த்தவருக்கும் விளக்கக் குறிப்பு தேவைப்பட்டிருக்காது.

எம்பாலேலே டிரம்மில் புனைகதைப் பிரிவைப் பார்த்துக்கொண்டவர். ஆனால் அந்தப் பரபரப்புப் பாணி அவருக்கு ஒத்துக்கொள்ளவில்லை. அவருடைய சங்கடத்தில் நியாயம் உண்டு. அரசியலைவிட அழகிகளுக்கு அதிக இடம். எழுதியவர்களில் பெண்கள் அநேகமாக இல்லை. 'டாலி டிரம்' என்ற பெண் பெயரில் வந்த காதல் ஆலோசனைகளை எழுதியவர்களே ஆண்கள்தான். ஷெபீன் ராணிகளைப் பற்றி நிறையப் படிக்கிறோம், அவர்கள் எழுதிய ஒரு பக்கமும் நம்மிடம் இல்லை. அந்த நகரத்தின் பாதிப் பேர் வாய் திறக்காமலேதான் இந்தப் பக்கங்களில் நடமாடுகிறார்கள். 'சூட்' கதையின் மனைவி உட்பட.

*

1955 பிப்ரவரி 9, அதிகாலை, மழை. அறிவித்த தேதிக்கு மூன்று நாள் முன்னதாகவே ஆயுதமேந்திய சுமார் 2000 போலீஸார் சோஃபியாடவுனைச் சூழ்ந்தார்கள். பாதிரியார் ட்ரெவர் ஹடில்ஸ்டனும் ஆப்பிரிக்க தேசிய காங்கிரஸும் எதிர்ப்பு இயக்கம் நடத்திவந்தார்கள். மண்டேலா அதில் முன்னணியில் இருந்தார். எதுவும் நிற்கவில்லை. சாமான்களோடு குடும்பங்கள் லாரிகளில் ஏற்றப்பட்டு மெடோலண்ட்ஸ் என்ற புதுக் குடியிருப்பில் இறக்கப்பட்டன. அது பின்னாளில் சொவெட்டோவின் பகுதியானது. அடுத்த சில வருடங்களில் ஏறத்தாழ 60,000 பேர் அகற்றப்பட்டார்கள்.

சேரி ஒழிப்பு என்று அரசு சொன்னது. சேரி இருந்தது உண்மைதான். புது வீடுகள் தகரக் கொட்டகையைவிட மேல் என்று நினைத்த வாடகைக்காரர்களும் இருந்தார்கள். ஆனால் மெடோலண்ட்ஸில் இரண்டு விஷயங்கள் இல்லை. ஒன்று, சொந்தப் பட்டா. எல்லாரும் இனி வாடகைக்காரர்கள், அதாவது எந்நேரமும் அனுப்பப்படக்கூடியவர்கள். இரண்டு, கலப்பு. அங்கே சோத்தோவுக்கு ஒரு பகுதி, ஜூலுவுக்கு ஒரு பகுதி என்று மொழி வாரியாகப் பிரித்தே வீடு ஒதுக்கினார்கள். பழங்குடிக் கதை வேண்டாம் என்று சாம்ப்சனிடம் சொன்ன வாசகர்கள் கடைசியில் பழங்குடி வரிசைப்படியே அடுக்கப்பட்டார்கள்.

இடித்த இடத்தில் வெள்ளைத் தொழிலாளர்களுக்கு வீடு கட்டி, ட்ரியோம்ஃப் என்று பெயர் வைத்தார்கள். தெருப்பெயர்களை மாற்ற யாருக்கும் தோன்றவில்லை. என் தரவில் டோபி தெரு இரண்டு முறை வந்ததன் ரகசியம் அதுதான்.

எழுத்தாளர்கள் சிதறினார்கள். எம்பாலேலே 1957இல் நைஜீரியா போனார். மொடிசானே இங்கிலாந்து போய் 1963இல் சுயசரிதை வெளியிட்டார். அது சோஃபியாடவுனின் இடிபாட்டிலிருந்துதான் தொடங்குகிறது. நகாசா ஹார்வர்டில் படிக்கக் கிடைத்த உதவித்தொகைக்காக, திரும்பி வர உரிமையில்லாத அனுமதிச் சீட்டில் வெளியேறினார். 1965இல் நியூயார்க்கில் உயர்மாடியிலிருந்து விழுந்து இறந்தார். வயது 28. அவர் உடலின் எச்சங்கள் நாடு திரும்ப 2014 வரை ஆனது. தெம்பா 1959இல் சோஃபியாடவுனுக்கு இரங்கற்பா போல ஒரு கட்டுரை எழுதினார். பிறகு சுவாஸிலாந்து போய் ஆசிரியராக இருந்து, குடித்தே இறந்தார். 1966இல் இவர்களில் பலரை மேற்கோள் காட்டுவதே தென்னாப்பிரிக்காவில் குற்றமாக்கப்பட்டது. முதலில் வீட்டை இடித்தார்கள், பிறகு வீட்டைப் பற்றிய வாக்கியங்களை.

தெம்பாவின் கதைகள் புத்தகமாக வந்தது 1972இல், அவர் இறந்த பிறகு, லண்டனில். ஒரு நகரம் இருந்ததற்கான பட்டா கடைசியில் இப்படி வெளிநாட்டில் பதிவானது.

*

1994இல் இனவொதுக்கல் ஆட்சி முடிந்த அதே வருடம், மார்லீன் வான் நீகெர்க் 'ட்ரியோம்ஃப்' என்ற பெயரிலேயே ஆஃப்ரிக்கான்ஸில் ஒரு நாவல் எழுதினார். அந்தக் குடியிருப்பில் வாழும் ஏழை வெள்ளைக் குடும்பம். மண்ணைத் தோண்டினால் பழைய சோஃபியாடவுனின் உடைசல்கள் மேலே வருகின்றன. வெற்றி பெற்றவர்களின் நிலைமையும் அப்படியொன்றும் பிரமாதமில்லை என்று ஒரு வெள்ளை எழுத்தாளரே எழுதினார்.

ஆனால் கதை இங்கே சுபமாக முடிவதில்லை. 2001இல் வந்த ஃபாஸ்வானே எம்பேயின் 'ஹில்ப்ரோவுக்கு நல்வரவு' என்ற சிறிய நாவலில், ஜோஹன்னஸ்பர்க்கின் ஹில்ப்ரோ பகுதியை ஊர்ச்சனம் பாவக்கிடங்கு என்கிறது. நோயைக் கொண்டுவருபவர்கள் ஆப்பிரிக்காவின் பிற நாடுகளிலிருந்து வந்த அந்நியர்கள் என்கிறது. எம்பே நிதானமாகக் கேட்கிறார்: நாமும் கிராமத்திலிருந்து வந்தவர்கள்தானே, இந்த ஊரில் யார் அந்நியன்? அவர் 2004இல், 34 வயதில் இறந்தார். 2008 மே மாதத்தில் ஜோஹன்னஸ்பர்க் அருகே தொடங்கி நாடெங்கும் பரவிய வெளிநாட்டவர் மீதான தாக்குதல்களில் 60க்கும் மேற்பட்டவர்கள் கொல்லப்பட்டார்கள். நீ வேலைக்கு வந்தவன், இது உன் ஊர் இல்லை, கிளம்பு. 1922இல் ஒரு வெள்ளைக் குழு எழுதிய வாக்கியம் இப்போது வேறு வாய்களிலிருந்து வந்தது. டிரம்மின் பழைய பக்கங்களை வெறும் மலரும் நினைவாகப் படிக்க என்னால் முடியாததற்கு இதுவே காரணம்.

ஒரு சனிக்கிழமை சோஃபியாடவுன் போனேன். பெயர் 2006இல் திரும்பி வந்துவிட்டது, வீடுகள் ட்ரியோம்ஃப்பின் வீடுகளாகவே இருக்கின்றன. பழைய ஊரில் மிஞ்சியவற்றில் ஹடில்ஸ்டனின் தேவாலயம் ஒன்று. டோபி தெருவில் டாக்டர் ஸூமாவின் வீடு இன்னொன்று. ஆப்பிரிக்க தேசிய காங்கிரஸின் தலைவராக இருந்தவர் அவர். 'உண்மையின் இல்லம்' எங்கே இருந்தது என்று தேடுவதில் அர்த்தமில்லை, ஏதோ ஒரு வீட்டின் கார் நிறுத்துமிடமாக இருக்கலாம்.

திங்கட்கிழமை அந்த மாற்றத்தை ஓட்டினேன். ட்ரியோம்ஃப் என்று இருந்த இடத்திலெல்லாம் சோஃபியாடவுன். ஒரு வரிதான், ஒரு நொடிகூட ஆகவில்லை. பக்கத்து இருக்கைக்காரரிடம் முடிந்தது என்று காட்டினேன். அவர் எட்டிப் பார்த்துத் தலையாட்டினார். மெடோலண்ட்ஸில் 40 வருடம் இருந்தும் பாட்டி சாகிறவரை அந்த முகவரியைச் சொன்னதில்லையாம். யார் எந்த ஊர் என்று கேட்டாலும் சோஃபியாடவுன் என்றுதான் சொல்வாளாம்.